சாமை புடைத்த ஜப்பான்காரி

அரப்பளி அன்றைக்கு டிவிக்கு முதுகைக் காட்டி உட்கார்ந்திருந்தார்.

ஐப்பசி மாதம். கொல்லிமலையில் அந்த மாதத்தில் மதியமும் சாயங்காலமும் ஒரே நிறம்தான். காட்டு வேலைக்குப் போக முடியாத மழை. ஊர்ச் சாவடிக்குள் நாற்பது ஐம்பது பேர் நெருக்கியடித்து உட்கார்ந்திருந்தார்கள். நனைந்த கம்பளி வாசம், வெற்றிலை வாசம், யாரோ மடியில் கட்டிக்கொண்டு வந்த சுட்ட குச்சிக்கிழங்கின் வாசம். எல்லாருடைய கண்ணும் என் பதினாலு அங்குல டிவி மேல். அவர் ஒருவர் மட்டும் வாசல்படியில், மழையைப் பார்த்துக்கொண்டு.

ஏழெட்டு வருஷமாக அதே படத்துக்கு முதல் வரிசையில் உட்கார்ந்த ஆள். அவர் வந்து துண்டை விரித்து உட்கார்ந்த பிறகுதான் நான் கேசட்டையே உள்ளே தள்ளுவேன்.

படத்தில் அந்த இடம் வந்தது. ஒரு பெண் வாசலில் உட்கார்ந்து முறத்தில் தானியம் புடைப்பாள். வழக்கம்போல நாலைந்து குரல் கிளம்பின.

"பாய், பாஸ் போடுங்க! அரப்பளியண்ணன் பாக்கட்டும்!"

பழக்கத்தில் பட்டனை அழுத்தினேன். முறத்திலிருந்து எழும்பிய தானியம் அந்தரத்தில் நின்றது. புறங்கையால் நெற்றியைத் துடைத்தபடி அந்தப் பெண் எங்களைப் பார்த்தாள்.

அரப்பளி திரும்பவில்லை.

"ஓட்டுங்க பாய்," என்றார், மழையைப் பார்த்தபடியே. "நான் பாத்த வரைக்கும் போதும்."

பட்டனை மறுபடி அழுத்தினேன்.

சண்டையோ சண்டை

போன வாரங்களில் படித்தவர்களுக்கு என் பிழைப்பு தெரியும். இன்றைக்குத்தான் இந்தப் பக்கத்தைப் புரட்டுகிறீர்கள் என்றால் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். சேந்தமங்கலத்தில் டிவியும் வீடியோ டெக்கும் வாடகைக்கு விடுகிற கடை வைத்திருந்தவன் நான். எங்கள் அத்தா, அதாவது அப்பா காலத்தில் மலையிலிருந்து மிளகும் அன்னாசியும் எடுத்து விற்ற குடும்பம். எனக்கு மிளகில் மனசு ஒட்டவில்லை. எட்டாம் வகுப்போடு பள்ளிக்கூடமும் என்னை விட்டுவிட்டது. ஆட்கள் பேசுவதைக் கேட்கப் பிடிக்கும், படம் பிடிக்கும். இரண்டையும் சேர்த்து ஒரு தொழில் கிடைத்தபோது விடவில்லை.

டிவியைக் கோணிச்சாக்கில் சுற்றி, பஸ்ஸில் மடியில் வைத்துக்கொண்டு, எழுபது கொண்டை ஊசி வளைவும் ஏறுவேன். ஒவ்வொரு வளைவுக்கும் டிவி ஒரு பக்கம் சாயும், நான் எதிர்ப்பக்கம் சாய்வேன். மேலே சோளக்காடு என்கிற ஊரில் இறங்கி, அங்கிருந்து தலைச்சுமையாக இறக்கத்தில் நடை. அப்போது பிடித்த தோள்வலிக்கு இன்றைக்கும் தைலம் தேய்த்துக்கொண்டிருக்கிறேன்.

தொண்ணூறுகள் முடியப் போகிற சமயம். சேலத்தில் ஒரு வீடியோ கடையை மூடினார்கள். ஒரு அட்டைப்பெட்டி நிறையக் கேசட்டுகளை அப்படியே தூக்கிக்கொண்டு வந்தேன். அதில் ஒன்றின் உறையில் நமக்குத் தெரியாத எழுத்து. ஒரு ஆள் முதுகில் கூடையைச் சுமந்துகொண்டு மலையேறுகிற படம். கீழே பொடி எழுத்தில் ஜப்பான் என்று இங்கிலீஷில் இருந்ததை எழுத்துக்கூட்டிப் படித்தேன்.

ஜப்பான் என்றால் கராத்தே. எங்கள் பக்கத்தில் அதில் யாருக்கும் சந்தேகமே கிடையாது. போட்டுப் பார்க்காமலே மலைக்கு எடுத்துப் போனேன். "ஜப்பான்காரன் கராத்தே படம், சண்டையோ சண்டை" என்று நானே ஊருக்குள் சொல்லிக்கொண்டும் போனேன்.

சாவடி நிரம்பிவிட்டது. படம் ஆரம்பித்தது. ஒரு மலைக்கிராமம், நாலைந்து வீடு. மழையில் ஒரு ஆளின் படிக்கட்டுக் காடு, மலைச்சரிவில் படிப்படியாக வெட்டிய நிலம், சரிந்து கிடக்கிறது. அவன் ஆற்றுக்கு இறங்கிக் கூடையில் மண்ணை அள்ளுகிறான். மேலே ஏறிக் கொட்டுகிறான். திரும்ப இறங்குகிறான். பேச்சு இல்லை, பாட்டு இல்லை. அரைமணி நேரம் இதே.

"எப்பங்க பாய் அடிப்பான்?"

"இருங்க, இனிமேத்தான்."

"எதிரி எப்ப வாரான்?"

"வருவான், வருவான்."

"அந்தக் கூடையத் தூக்கி எவந் தலையிலயாச்சும் கவுப்பானுங்களா?"

அந்த மலைக்குளிரிலும் எனக்கு முதுகில் வேர்வை இறங்கியது. எழுந்து கேசட்டைப் பிடுங்கிவிடலாம் என்று கையை நீட்டினேன். அப்போதுதான் முன்வரிசையிலிருந்து ஒரு குரல், டிவியைப் பார்த்து:

"அட, கல்ல அப்பிடி வெக்காதடா. சரிஞ்சு போகும்."

அதுதான் அரப்பளி. மிளகுக்கொடியும் கொஞ்சம் சாமைக்காடும் வைத்திருந்தவர். காட்டுக்குக் கல்வரப்பு கட்டுவதில் அந்த ஊரில் அவர் கைக்குத் தனி மதிப்பு.

"அடிக்கல்லு சிறுசா வெச்சுட்டான் பாருங்க," என்றார் இன்னொருவர்.

"தண்ணி போக வழி உடலீயே மடையன்."

சொல்லி வாய் மூடவில்லை. படத்தில் வரப்பு பொலபொலவென்று சரிந்தது. சாவடியே எழுந்து நின்றுவிட்டது. "நாஞ் சொல்லல! நாஞ் சொல்லல!" என்று அரப்பளி துண்டைச் சுழற்றினார். நான் எத்தனையோ சண்டைப் படம் ஓட்டியிருக்கிறேன். அப்படி ஒரு கைதட்டலை எதற்கும் கேட்டதில்லை.

அதற்குப் பிறகு சண்டை எப்போது என்று ஒருவரும் கேட்கவில்லை. அவன் மறுபடி கட்டினான். எல்லாரும் அவனைத் திட்டித் திட்டி வேலை வாங்கினார்கள். கடைசியில் காடு நின்றது, விதைத்தான், கதிர் பிடித்தது. அறுக்கப் போகிற நேரத்தில் மலைக்குப் பின்னால் மேகம் கறுத்துக்கொண்டு வரும். அவன் நிமிர்ந்து பார்ப்பான். அதோடு படம் முடிந்துவிடும்.

"இதுக்குத்தானா இத்தன நேரம் உக்காந்திருந்தோம்?" என்றாள் ஒரு அம்மா.

"நம்ம பொழப்பு மட்டும் எப்பிடிப் போகுதாமா?" என்றாள் பக்கத்தில் இருந்தவள். பிறகு என்னைப் பார்த்து, "மறுக்காப் போடுங்க பாய்," என்றாள்.

நல்லம்மா

அந்தப் படத்தில் ஒரு பெண் வருவாள் என்றேன் அல்லவா? மூன்றே தடவைதான் வருவாள். அவன் மண் சுமந்து ஏறி வந்து தலையைத் தூக்கினால், வாசலில் அவள் தானியம் புடைத்துக்கொண்டிருப்பாள். பெண்டாட்டியா, கூடப் பிறந்தவளா, உயிரோடு இருக்கிறாளா, அவன் நினைப்பில் இருக்கிறாளா, எதுவும் தெரியாது. அவள் வாயே திறப்பதில்லை. அந்தத் தானியம் என்னவென்று எனக்கும் தெரியாது. மலைக்காரர்கள் சாமை என்றார்கள். அதற்கப்புறம் அது சாமைதான்.

இரண்டாவது தடவை ஓட்டும்போது, அவள் நெற்றியைத் துடைக்கிற இடத்தில் அரப்பளி எழுந்து நின்றுவிட்டார்.

"நிறுத்துங்க பாய். நிறுத்துங்க. அது நல்லம்மாங்க."

நல்லம்மா அவர் மனைவி. பெண் குழந்தை தவழ்கிற வயதில் மஞ்சள் காமாலை வந்து இறந்து போனவள். வீட்டில் அவளுக்கு ஒரு போட்டோ இல்லை. "ஓட்டு அட்டைக்குப் போட்டோப் புடிக்க ஆளுக வந்தப்ப அவ போயிட்டாளுங்க," என்று பிறகு ஒருநாள் சொன்னார். மகளுக்குக் காட்ட ஒரு முகம் இல்லையே என்பது அவருக்குப் பெரிய குறை.

"ஏ அரப்பளி, உம்பொண்டாட்டி எப்படா ஜப்பானுக்குப் போனா?" என்று பின்னாலிருந்து ஒருவர் சீண்டினார்.

"போயிருந்தாத்தான் என்ன? இங்க இருந்து அவ என்னத்தக் கண்டா?"

சிரித்தவர்கள் நிறுத்திக்கொண்டார்கள்.

நான் நல்லம்மாவைப் பார்த்ததில்லை. அவளைத் தெரிந்த பெண்கள் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். "நெத்தியத் தொடைக்கறது அவளேதான்," என்றாள் ஒருத்தி. "சாடை இருக்குது, சாடை இருக்குது," என்றாள் இன்னொருத்தி. ஒன்றிரண்டு பேர் தரையைப் பார்த்தார்கள். இல்லை என்று சொல்ல யாருக்கும் வாய் வரவில்லை.

அரப்பளி மகளைத் தூக்கித் தோளில் வைத்துக்கொண்டார். அப்போது அவளுக்குப் பத்து வயது இருக்கும், தோளில் வைக்கிற வயதில்லை.

"பாரு கண்ணு. உங்கம்மா இப்பிடித்தான் இருந்தா."

அந்தப் பிள்ளை கண்ணை இமைக்காமல் பார்த்தது. நானும் பாஸை எடுக்காமல் வைத்திருந்தேன். அதிக நேரம் வைத்தால் டெக் தானாகவே விட்டுவிடும். மறுபடி பின்னால் ஓட்டி மறுபடி வைத்தேன்.

அதிலிருந்து அது ஊர் வழக்கமாகிவிட்டது. வருஷத்தில் இரண்டு மூன்று தடவை அந்தப் படம். அவள் வரும்போது பாஸ். அரப்பளி பார்த்து முடித்து, "ஆச்சுங்க," என்று சொன்ன பிறகு ஓட்டம்.

மூக்குத்தி

இந்தத் தொழிலில் இருந்தவர்களுக்குத் தெரியும். பாஸ் போட்டால் நாடா நிற்கும், டெக்குக்குள் நாடாவைப் படிக்கிற ஹெட் நிற்காது. அதே இடத்தைத் தேய்த்துக்கொண்டே சுற்றும். ஒரு படத்தில் ஆட்கள் எதை அதிகம் ஆசைப்பட்டுப் பார்த்தார்களோ அந்த இடம்தான் முதலில் சாகும். என் கடைக்குத் திரும்பி வரும் கேசட்டைப் போட்டுப் பார்த்தே, வாடகைக்கு எடுத்தவர் எந்தப் பாட்டில் மயங்கினார் என்று சொல்லிவிடுவேன்.

மூன்றாவது வருஷம் அவள் முகத்தில் கோடு விழ ஆரம்பித்தது. மற்ற இடமெல்லாம் சுத்தமாக இருந்தது.

அரப்பளிதான் யோசனை சொன்னார். "டிவியில இருக்கறப்பவே போட்டோப் புடிச்சுட்டா என்னங்க?" சேந்தமங்கலத்தில் எனக்குத் தெரிந்த ஸ்டுடியோக்காரரை மலைக்குக் கூட்டிப் போனேன். நல்ல மனுஷர், ஆனால் கல்யாணத்தில் மாலை மாற்றுவதைப் பிடித்தே பழகிய கை. ஃபிளாஷ் போட்டுவிட்டார். கழுவிப் பார்த்தால் டிவிப் பெட்டி அழகாக விழுந்திருந்தது, முகம் இருக்க வேண்டிய இடத்தில் வெள்ளையாக ஒரு உருண்டை. அதைக் கையில் வாங்கி அரப்பளி ரொம்ப நேரம் பார்த்தார். ஸ்டுடியோக்காரரின் மனசு நோகக் கூடாதென்று, "நெலாவாட்ட நல்லாத்தான் வந்திருக்குதுங்க," என்றார்.

இரண்டாவது தடவை ஃபிளாஷ் இல்லாமல், ஸ்டாண்டு வைத்துப் பிடித்தார். முகம் வந்தது. தோளுக்குக் கீழே, டிவித் திரையைப் பிடித்தால் விழுகிற கறுப்புப் பட்டை குறுக்கே ஓடியது. அதற்கு மேலே வெட்டி, பெரிதுபண்ணி, வர்ணம் தீட்டினார். ஜப்பான் சட்டைக் கழுத்தைப் புடவைத் தலைப்பாக்கினார். நெற்றியில் பொட்டு வைத்தார். தூரிகையைக் கையில் பிடித்தபடி, "மூக்குத்தி இருந்துச்சுங்களா அவங்களுக்கு?" என்று கேட்டார்.

நாங்கள் மூன்று பேரும் ஸ்டுடியோவின் உள்ளறையில் நின்றிருந்தோம். அரப்பளி படத்தைக் குனிந்து பார்த்தார்.

"இல்லீங்க. கேட்டுக்கிட்டே இருந்தா, நாந்தான் வாங்கித் தரல. படத்துலயாச்சும் போட்டுக்கட்டும், வைங்க."

ஸ்டுடியோக்காரர் தூரிகை நுனியால் வெள்ளையாக ஒரு சொட்டு வைத்தார்.

அந்தப் படம் கண்ணாடிச் சட்டத்துக்குள் அரப்பளி வீட்டுச் சுவரில் ஏறியது. குங்குமம், சாமந்திப்பூ, சின்ன விளக்கு. அவர் மகள் தினமும் கும்பிட்டுவிட்டுத்தான் பள்ளிக்கூடம் போவாள். ஊரில் எல்லாருக்கும் அது நல்லம்மா படம்.

எனக்கு அலுத்துவிட்டது

உண்மையைச் சொல்லிவிடுகிறேன். ஊருக்கெல்லாம் அந்தப் படம் பிடித்துக்கொண்டே போக, எனக்கு அது அலுத்துக்கொண்டே வந்தது. அவன் எந்தக் கூடையில் வழுக்குவான், எந்தக் கூடையில் பெருமூச்சு விடுவான் என்று எல்லாம் மனப்பாடம். கீழே கேபிள் வந்துவிட்டது. சி.டி. வந்துவிட்டது. என் கடையில் கேசட்டுகள் மேல் பல்லி குடித்தனம் நடத்தியது. மேலே மலையில் மட்டும், அதுவும் அந்த ஒரு படத்துக்காக, என்னைக் கூப்பிட்டுக்கொண்டிருந்தார்கள். டெக்கைத் தூக்கும்போதெல்லாம், அந்த ஆள் மண் சுமக்கிறான், நான் அவனைச் சுமக்கிறேன் என்று தோன்றும்.

அப்படி இதில் என்னதான் இருக்கிறது? நாமக்கல்லில் கம்ப்யூட்டர் சென்டர்கள் வந்த புதிதில், ஒன்றில் போய் உட்கார்ந்து, கூடை சுமக்கிற ஜப்பான் படம் என்று சொல்லித் தேடச் சொன்னேன். அந்த சென்டர் நடத்திய பெண் பொறுமையாகத் தேடி ஒரு பக்கத்தை எடுத்தாள். எங்கள் கேசட்டின் உறையில் இருந்த அதே படம்!

அவள் படித்துத் தமிழில் சொன்னாள். எண்பதுகளில் வந்த படமாம். ஓடவே இல்லையாம். எடுத்தவர் அதற்குப் பிறகு படமே எடுக்கவில்லையாம். ஆனால் இங்கொருவரும் அங்கொருவருமாக, வேறு வேறு நாட்டில் உட்கார்ந்துகொண்டு, அதைப் பற்றி ஒருவருக்கொருவர் எழுதிக்கொண்டே இருக்கிறார்களாம். ஒரு ஆள், அந்தப் பெண் தலை நிமிர்கிற இடத்தை நிறுத்திவைத்து வெகுநேரம் பார்த்துக்கொண்டிருந்தேன் என்று எழுதியிருந்தார். இவர் டெக் நம் டெக்கை விட உசத்தி போலிருக்கிறது என்று நினைத்துக்கொண்டேன். அவள் யார் என்று அவர்களுக்கும் தெரியவில்லை.

அடுத்த தடவை மலைக்குப் போனபோது இதை அரப்பளியிடம் சொன்னேன். அவர் முகம் மலர்ந்துவிட்டது.

"அப்ப நல்லம்மாள ஒலகமே தேடுதுங்களா?"

நான் தலையை ஆட்டி வைத்தேன். அப்போதாவது ஒரு வார்த்தை எடுத்துச் சொல்லியிருக்கலாம். பஸ்ஸுக்கு நேரமாகிவிட்டது என்று கிளம்பிவிட்டேன்.

பாவாயி வந்த காலை

இனி, அரப்பளி டிவிக்கு முதுகைக் காட்டி உட்கார்ந்த நாளுக்கு வருகிறேன். அன்று காலையில் நடந்தது இது.

மலைக்குப் போனால் எனக்குச் சாப்பாடு அவர் வீட்டில்தான். மகளுக்குக் கல்யாணம் நிச்சயமாகியிருந்தது. பத்திரிகையில் தாயார் படம் போட வேண்டும் என்று பேச்சு. கல்யாணம் என்று கேள்விப்பட்டு, நல்லம்மாவின் தங்கை பாவாயி அன்றைக்கு வந்திருந்தாள். புளியஞ்சோலைப் பக்கம் வாழ்க்கைப்பட்டவள். அக்காவைக் காலாகாலத்தில் கீழே ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோகவில்லை என்று அரப்பளியோடு சண்டை போட்டுக்கொண்டு போனவள், அத்தனை வருஷமும் அந்த வீட்டுப் படி ஏறவில்லை. இப்போது அக்கா மகளுக்காகக் கோபத்தை விட்டு வந்திருந்தாள்.

தண்ணீர் குடித்துச் சொம்பைக் கீழே வைத்தவள் சுவரைப் பார்த்தாள்.

"மாமா, இது யாரு?"

"யாருன்னா? உங்கக்கா."

பாவாயி எழுந்து பக்கத்தில் போய்ப் பார்த்தாள். திரும்பி, குரலைத் தணித்துக்கொண்டு கேட்டாள்:

"நெசமாச் சொல்லுங்க மாமா. நடுவுல யாரையாச்சும் கட்டியிருந்தீங்களா? நான் ஒண்ணுஞ் சொல்ல மாட்டேன்."

எனக்குச் சோறு புரையேறிவிட்டது. அரப்பளி சிரித்தார். படத்தைப் பற்றி, என்னைப் பற்றி, ஸ்டுடியோவைப் பற்றி எல்லாம் சொன்னார். பாவாயி என்னை மேலும் கீழும் பார்த்தாள்.

"நீங்களாங்க பாய் இந்த வேல பாத்தது?"

"சாடை இருக்குதுல்ல?" என்றார் அரப்பளி.

"சாடையா! எங்கக்காளுக்கு எங்கப்பனாட்ட அகல மூஞ்சி. முன்பல்லு ரெண்டுக்கும் நடுவுல சந்து. இது யாரோ மெலிஞ்ச மவராசி. மூக்குத்தி வேற! எங்கக்கா மூக்கே குத்தலீங்களே மாமா."

"குத்தியிருந்தாளே."

"எப்ப?"

"குத்தியிருந்தா பாவாயி. வெள்ளக்கல்லு. வெயில்ல நின்னா மின்னும்."

நான் தட்டில் கையை வைத்தபடி நிமிர்ந்தேன். அவர் என்னைப் பார்த்தார். ஸ்டுடியோவின் உள்ளறையில் அந்தக் கல் வந்தபோது கூட இருந்தவன் நான். என் முகத்தில் அவர் என்ன கண்டாரோ, அவர் சிரிப்பு மெல்ல இறங்கி, இறங்கி, இல்லாமல் போனது.

அடுப்படி வாசலில் நின்றிருந்த மகள் கேட்டாள்: "அப்ப நான் இத்தன வருசமா யாரக் கும்புட்டேன் சின்னம்மா?"

பாவாயிக்குத் தான் செய்துவிட்டது அப்போதுதான் புரிந்தது. ஓடிப் போய் அவளைக் கட்டிக்கொண்டாள். "யாரக் கும்புட்டாலும் உங்கம்மாளுக்குத்தான் போயிருக்கும் சாமி. அழுவாத, அழுவாத."

அரப்பளி வெளியே போய்விட்டார். கை கழுவிவிட்டு நானும் போனேன். மிளகுக்கொடி ஏறிய மரத்தில் சாய்ந்து, கண்ணை மூடி நின்றிருந்தார். தூறல் விழுந்துகொண்டிருந்தது.

"வரமாட்டேங்குது பாய்."

"என்னதுங்க?"

"அவ மூஞ்சி. பாவாயி சொன்ன பல்லு, அகல மூஞ்சி எல்லாத்தையும் வெச்சுக் கூப்புட்டுப் பாத்துட்டேன். கண்ண மூடுனா இவதான் வாரா, மொறத்தோட."

கண்ணைத் திறந்து என்னைப் பார்த்தார்.

"நீங்க இந்தப் படத்தக் கொண்டாரதுக்கு முன்னால எனக்கு அவ மூஞ்சி நெனப்புல இருந்துச்சுங்க. மங்கலாத்தான் இருந்துச்சு. ஆனா அவளுதா இருந்துச்சு."

குரலில் கோபம் இல்லை. திட்டியிருந்தால் தேவலையாக இருந்திருக்கும். திட்டு வாங்கிக்கொண்டு டிவியைத் தூக்கிக்கொண்டு இறங்கியிருப்பேன்.

கொண்டுவந்தவர் எடுத்துப் போவது

அன்று மதியம் படத்தைக் கடைசி வரை ஓட்டினேன். ஊருக்கு இன்னும் விஷயம் தெரியாது. வரப்பு சரிந்தபோது எப்போதும்போலக் கத்தினார்கள். நான் வயரைச் சுருட்டிக்கொண்டிருந்தபோது அரப்பளி ஒரு சாக்குச் சுருட்டலோடு வந்தார். உள்ளே அந்தக் கண்ணாடிச் சட்டம்.

"இத நீங்களே எடுத்துட்டுப் போயிருங்க பாய்."

விளக்கேற்றிக் கும்பிட்ட படத்தை அவர்கள் உடைக்க மாட்டார்கள், எரிக்க மாட்டார்கள், ஓடையில் விடவும் பயம். வீட்டிலும் வைத்துக்கொள்ள முடியாது. கொண்டுவந்தவன் நான்தானே.

"அந்தப் பொம்பள மேல எனக்கு ஒரு வருத்தமும் இல்லீங்க," என்றார். "அவ என்ன பண்ணுவா, அவ பாட்டுக்குப் பொடச்சுக்கிட்டு இருந்தா."

"இனிமேப் படம் ஓட்டலீங்க," என்றேன்.

"ஊரு பாக்கட்டுங்க. ஊரு என்ன தப்புப் பண்ணுச்சு? நான் வர மாட்டேன், அத்தனதான்."

ஆனால் நான் ஓட்டவில்லை. அடுத்த தடவை கேட்டவர்களிடம், டெக் நாடாவைத் தின்றுவிட்டது என்று சொன்னேன். ஊர் அதற்கு மாதக்கணக்கில் துக்கப்பட்டது.

அன்றைக்குக் கடைசிக்கு முந்தைய பஸ். டிவி மடியில், டெக் காலடியில், சட்டம் கக்கத்தில். இருபதாவது வளைவோ என்னவோ, சாக்கு அவிழ்ந்துவிட்டது. பக்கத்து சீட்டு அம்மா குங்குமம் வைத்த படத்தைப் பார்த்தார், என் தொப்பியைப் பார்த்தார்.

"ஊட்டுக்காரம்மாங்களா பாய்?"

"இல்லீங்க. தெரிஞ்சவங்க."

"அடப்பாவமே, சின்ன வயசு. எப்பத் தவறுனாங்க?"

எனக்கு உடம்பெல்லாம் களைத்துப் போயிருந்தது. பொய் சொல்லக்கூடத் தெம்பு இல்லை. "தெரியலீங்க. உசுரோடவே இருந்தாலும் இருப்பாங்க," என்றேன். அந்த அம்மா தன் பையை மடியில் எடுத்து வைத்துக்கொண்டு மீதி ஐம்பது வளைவுக்கும் சன்னல் பக்கமே திரும்பி உட்கார்ந்து வந்தார்.

எங்கள் வீட்டில் ஆள் படம் மாட்டுகிற வழக்கமில்லை. பீரோவுக்குப் பின்னால், முகம் சுவரைப் பார்க்க வைத்தேன். என் மனைவி விவரம் கேட்டாள், சொன்னேன். "இத்தன வருசம் மரியாதையா இருந்த பொம்பள," என்று சொல்லி, ஒரு பழைய சேலைத் துணியை எடுத்து வந்து சுற்றி வைத்தாள்.

சோளக்காட்டில்

அடுத்த வருஷமே கடையை மூடிவிட்டேன். கடைசியில் மிளகுதான் என்னைச் சேர்த்துக்கொண்டது. அத்தா போன வழியிலேயே சோளக்காட்டுச் சந்தைக்கு மிளகு வாங்கப் போய்க்கொண்டிருந்தேன்.

ஒரு காலையில் அரப்பளியைப் பார்த்தேன். மழை விட்டுச் சந்தையே சேறாகக் கிடந்தது. மூட்டையைக் காலடியில் வைத்துக்கொண்டு நின்றிருந்தார். மகள் கல்யாணம் நல்லபடியாக முடிந்ததைச் சொன்னார். பத்திரிகையில் படம் போடவில்லை, நல்லம்மா என்று பெயர் மட்டும் போட்டார்களாம். டீ வாங்கிக் கொடுத்தேன். கேட்கக் கூடாது என்றுதான் இருந்தேன். வாய் நிற்கவில்லை.

"வந்தாங்களா?"

அவருக்குப் புரிந்தது. டம்ளரைக் கையில் உருட்டினார்.

"மூஞ்சி வரலீங்க பாய். அது போனது போனதுதான். இப்ப அந்த ஜப்பான்காரியும் முன்ன மாதிரி வாரதில்ல. ரெண்டு பேரும் இல்லாம அந்த எடம் வெறுசாக் கெடக்குது."

நான் டீயைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

"ஆனா சத்தம் வருதுங்க."

"சத்தமா?"

"உங்க படத்துல அந்தப் பொம்பள வாயே தொறக்கலீல்ல? அதனால அது மட்டும் தப்பிச்சுக்கிச்சாட்ட இருக்குது. முன்ன நான் மூஞ்சியவே தேடிக்கிட்டுத் திரிஞ்சனா, இதக் காது குடுத்துக் கேக்கல. இப்ப நல்லாக் கேக்குது."

"என்ன சொல்றாங்க?"

அரப்பளி வாய்விட்டுச் சிரித்தார். கண் கலங்கியிருந்தது.

"என்னத்தச் சொல்லுவா? திட்டறாதான். என்னேரமும் திட்டுத்தான். இப்பக்கூட, 'கண்ணு எங்கீங்க இருக்குது, மொளகு மூட்டையச் சேத்துல வெச்சுட்டு அங்க என்ன பேச்சு வேண்டிக் கெடக்குது'ங்கறா."

சொல்லிவிட்டு டம்ளரை என்னிடம் கொடுத்தார். குனிந்து, மூட்டையைச் சேற்றிலிருந்து தூக்கித் தோளில் வைத்துக்கொண்டார்.